அஜ்மானில் வைத்த ஐரிஷ் குழம்பு

அடுக்களைத் தொட்டியில் மூன்று கிலோ மாட்டுக்கறி கிடந்தது. பக்கத்தில் மஞ்சள்தூள் டப்பா, வினிகர் பாட்டில். எதிரே சுவர் டைல்ஸில் செலோடேப் போட்டு ஒட்டிய ஒரு தாள். என் மனைவி அமலியின் கையெழுத்து. முதல் வரியே இதுதான்: ‘கறியைக் கழுவக் கூடாது. டிஷ்யூ வைத்து ஈரத்தை ஒற்றி எடுத்தால் போதும்.’

அந்த வரியை மூன்று தடவை படித்தேன். பிறகு குழாயைத் திறந்து கழுவ ஆரம்பித்தேன்.

கழுவாத கறியைச் சட்டியில் போடு என்று என்னிடம் எந்த நாட்டுக்காரரும் சொல்ல முடியாது. சுத்தம் என்று ஒன்று இருக்கிறதா இல்லையா?

அது ஒரு சனிக்கிழமை காலை. அமலி மார்னிங் டியூட்டிக்காக விடியும் முன்பே ஆஸ்பத்திரி பஸ்ஸில் துபாய்க்குப் போயிருந்தாள். மகள் ஷைனி, பதின்மூன்று வயது, கதவைச் சாத்திக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தாள். சாயங்காலம் நாலரைக்கு அமலி ஒரு விருந்தாளியோடு வருவாள். அந்த விருந்தாளிக்கு நான் ஐரிஷ் ஸ்டூ வைத்துப் பரிமாற வேண்டும்.

இந்தத் தொடரை முதலிலிருந்து படிப்பவர்களுக்கு எங்கள் வீட்டு விவகாரம் தெரியும். இந்த வாரம்தான் வந்து உட்கார்ந்தவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். நான் தூத்துக்குடிக்குத் தெற்கே ஒரு கடற்கரை ஊர்க்காரன். ஏசி மெக்கானிக்காக வளைகுடாவுக்கு வந்து, ஒரு மெயின்டெனன்ஸ் கம்பெனியில் ஃபோர்மேன் ஆனவன். அமலி நர்ஸ். இதற்கு மேல் தெரிய வேண்டியதை இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

ஏசி இல்லாத ஊர்

அயர்லாந்தில் ஒரு ஆஸ்பத்திரியில் அமலிக்கு வேலை கிடைத்திருந்தது. பரீட்சை எழுதி, சர்டிஃபிகேட்டெல்லாம் அனுப்பி, வீடியோவில் இன்டர்வியூ முடித்து, ஆர்டரும் வந்துவிட்டது. குடும்பத்தோடு போகலாம். ஷைனியின் படிப்புக்கு நல்லது. இங்கே வேலை போன அன்றைக்கே விசாவும் போகிற கதை அங்கே இல்லை. அவளோடு வார்டில் இருந்த நர்ஸுகளில் பாதிப் பேர் ஏற்கெனவே போய்விட்டார்கள்.

சிக்கல் எனக்குத்தான். அயர்லாந்தில் வீடுகளில் ஏசி வைப்பதில்லை. சும்மா சொல்லவில்லை, போனில் தேடித்தேடிப் பார்த்தேன். ஏசியே இல்லாத ஊரில் ஏசி ஃபோர்மேன் என்ன செய்வான்?

இங்கே ஆகஸ்ட் மாதத்தில் ஒரு கட்டடத்துக்கு ஏசி நின்றுபோனால், வாட்ச்மேன் முதல் ஓனர் வரைக்கும் என் நம்பருக்குத்தான் அடிப்பார்கள். எனக்குக் கீழே எட்டுப் பேர். நான் போய் மொட்டைமாடியில் நின்று மெஷினைக் காதால் கேட்டாலே பாதிக் கோளாறு தெரிந்துவிடும். அங்கே போனால் நான் யார்? பெண்டாட்டியின் விசாவில் ஒட்டிக்கொண்டு வந்தவன். காலையில் அவளை டியூட்டிக்கு அனுப்பிவிட்டு ஜன்னலில் மழையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவன்.

இதை அமலியிடம் நேராகச் சொல்லியிருக்கலாம். சொல்ல வாய் வரவில்லை. குளிர் என்றேன். மழை என்றேன். சாப்பாட்டுக்கு என்ன செய்ய என்றேன். எதுவும் கிடைக்காத நாளில் ‘பாப்போம்’ என்றேன். இப்படியே நாலு மாதம் ஓட்டினேன்.

ஒரு நாள் அமலி பொறுமை இழந்துவிட்டாள். துணி மடித்துக்கொண்டே பேசினாள். அவள் கத்தினால் எனக்குப் பயமில்லை. துணி மடித்துக்கொண்டு பேசினால்தான் பயம்.

“இங்க பாருங்க. முழு மனசோட வாறதா இருந்தா வாறேன்னு சொல்லுங்க. அரை மனசா வந்து, அங்க மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிட்டு உக்காந்திருப்பியன்னா வேண்டாம். வரலைன்னு நான் எழுதிப் போட்டுருதேன்.”

“நீயும் பிள்ளையும் முன்னால போங்களேன். நான் மெதுவா…”

“அந்தப் பேச்ச மட்டும் எடுக்காதிய.”

அந்தப் பேச்சை எடுக்கக் கூடாததற்குக் காரணம் உண்டு. கல்யாணமாகி முதல் நாலு வருஷம் அவள் பஹ்ரைனில், நான் ரியாத்தில். அவள் மனாமாவில் குதைபியாப் பக்கம் ஒரு ஃபிளாட்டில் வேறு மூன்று நர்ஸுகளோடு இருந்தாள். மேப்பில் பார்த்தால் பக்கத்துப் பக்கத்து நாடு, நடுவில் ஒரு கடல் பாலம்தான். ஆனால் கஃபீல், அதாவது விசா கொடுத்த முதலாளி, பாஸ்போர்ட்டைக் கையில் கொடுத்தால்தானே பாலத்தில் ஏற முடியும். நான் கேட்டபோதெல்லாம் என் கஃபீல் ‘நாளைக்கு’ என்பார். இரண்டு பேருக்கும் ஒரே மாதத்தில் லீவு கிடைப்பது லாட்டரி அடிப்பது மாதிரி. அந்த நாலு வருஷத்தில் நாங்கள் சேர்ந்திருந்த நாட்கள் ஒரு பள்ளிக்கூடக் கோடை லீவுக்குக் காணாது.

அஜ்மானில் இந்த வீட்டை எடுத்தபோது, சாமான்கூட இறக்காமல் வெறும் தரையில் உட்கார்ந்து, இனிமேல் தனித்தனியாக இருப்பதில்லை என்று இரண்டு பேரும் சொல்லிக்கொண்டோம். அதை மீற அவளுக்கு மனசில்லை. எனக்கும் இல்லை.

ஆகவே விஷயம் இவ்வளவுதான். நான் முழு மனதோடு வருகிறேன் என்று சொன்னால் குடும்பமாகப் போவோம். சொல்லாவிட்டால், அவள் படித்துப் படித்து வாங்கிய வேலையைக் கைகழுவிவிடுவாள். அவள் வயதில் இன்னொரு ஆர்டர் வருவது சந்தேகம். திங்கட்கிழமைக்குள் பதில் போட வேண்டும். நான் தொட்டி முன்னால் நின்றது சனிக்கிழமை.

என் சதி

விருந்தாளியின் பெயர் நோரா. அமலியின் வார்டில் மூத்த சிஸ்டர், ஐரிஷ்காரர். அமலிக்காகப் பரிந்துரைக் கடிதம் எழுதியவர். மாதக் கடைசியில் ரிட்டயர் ஆகி ஊருக்குப் போகிறார். ஒரு நாள் சாப்பிடக் கூப்பிட வேண்டாமா? கூப்பிடத்தான் வேண்டும். ஆனால் அமலி எதற்காக இந்த வாரம் பார்த்துக் கூப்பிட்டாள் என்று எனக்குத் தெரியாதா? நோரா வந்து, எங்க ஊர் அப்படி, எங்க ஊர் இப்படி என்று நாலு நல்ல வார்த்தை சொல்வார். நான் மனம் மாறிவிடுவேன். அதுதான் அவள் போட்ட திட்டம்.

பிரியாணி வைக்கலாம் என்றாள் அமலி. நான் குறுக்கே விழுந்தேன்.

“பிரியாணி எதுக்கு? அவுங்க ஊர்ச் சாப்பாட்டையே வைப்போம். எப்படி வைக்கணும்னு அந்த அம்மாட்டயே கேட்டு எழுதிட்டு வா. நான் வைக்கேன்.”

அமலி என்னை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு அவள் முகம் மலர்ந்தது. பாவம், நான் இறங்கி வருகிறேன் என்று நினைத்துக்கொண்டாள்.

நான் நினைத்தது வேறு. தாளில் உள்ளபடியே அந்தக் குழம்பை வைப்பது. மிளகாய் கிடையாது, மல்லி கிடையாது, இஞ்சி பூண்டு கிடையாது. அமலியும் ஷைனியும் ஒரு வாய் வைக்கட்டும். ‘வருஷம் பூரா இதையா தின்ன?’ என்று அவர்கள் வாயிலேயே வரட்டும். நான் ஒரு வார்த்தை பேச வேண்டாம். எனக்காகக் குழம்பு பேசும்.

இதை எழுதும்போது வெட்கமாகத்தான் இருக்கிறது. அன்றைக்கு வெட்கம் இல்லை. சீட்டி அடித்துக்கொண்டே கடைக்குப் போனேன்.

தாளில் எழுதியிருந்தது

கறிக்கடை பாய் பெஷாவர்க்காரர். “ஹட்டி கே சாத்?” என்று கேட்டார். எலும்போடுதான் வேண்டும் என்றேன். எத்தனை கிலோ என்றார். “தீன்” என்று என் வாய் சொல்லிவிட்டது. தாளில் ஒரு கிலோ என்றுதான் இருந்தது.

காய்கறிக்கு எங்கள் கட்டடத்துக்குக் கீழேயே மலையாளிக் கடை. உருளைக்கிழங்கு, கேரட், பெரிய வெங்காயம், செலரித் தண்டு. கூடவே தைம் என்று ஒரு தழை. அப்படி ஒன்றை நான் கேள்விப்பட்டதில்லை. கடைக்காரர் ஒரு கட்டை எடுத்து நீட்டினார். முகர்ந்து பார்த்தால், அரபிகள் ரொட்டியில் வைத்துத் தின்னும் ஜாத்தர் தழையின் வாசம். இத்தனை வருஷம் பக்கத்திலேயே இருந்திருக்கிறது, நான் கண்டுகொள்ளவில்லை.

பார்லியும் வேண்டுமாம். எங்கள் ஊரில் பார்லி என்றால் நீர்க்கடுப்புக்கு வேகவைத்துக் குடிப்பது. அதைக் கறியில் போடுகிற ஜனம் எப்படிப்பட்ட ஜனமாக இருக்கும் என்று யோசித்துக்கொண்டே வாங்கினேன்.

தாளின் அடியில், ‘கறுப்பு பீர் ஊற்றுகிறவர்களும் உண்டு. நமக்கு வேண்டாம். நோரா வீட்டிலும் ஊற்றுவதில்லையாம்’ என்று எழுதி அடிக்கோடு வேறு போட்டிருந்தாள். என்னை அவளுக்கு நன்றாகத் தெரியும்.

பத்தா சட்டம்

ஒரு கிலோவுக்கு மூன்று கிலோ ஏன் வாங்கினேன் என்று சொல்ல வேண்டும்.

ரியாத்தில் பத்தா பக்கம், போன் கடைகளுக்குப் பின்னால் ஒரு சந்தில் எங்கள் ரூம். பன்னிரண்டு பேர். ஆளுக்கு ஒரு நாள் சமையல் முறை. நான் அடுப்பு பற்ற வைத்துப் படித்தது அங்கேதான். அதனால் இன்றைக்கும் என் கைக்குப் பன்னிரண்டு பேருக்குத்தான் வைக்கத் தெரியும். மூன்று பேருக்கு வை என்றால் உப்பு எவ்வளவு என்று திகைத்து நின்றுவிடுவேன். இந்த வீட்டுக்கு வந்த புதிதில் அமலிக்கு ஒரு நாள் சாம்பார் வைத்தேன். நாலு நாள் சாப்பிட்டோம்.

ரூமில் மூத்தவர் காயல்பட்டினத்துக் காதர் காக்கா. ஊர் வழக்கப்படி அவரை நாங்கள் எல்லோரும் காக்கா என்றுதான் கூப்பிடுவோம். அவர் வைத்த சட்டம் சில உண்டு. முறைக்காரன் எல்லோருக்கும் போட்டுவிட்டுக் கடைசியில்தான் சாப்பிட வேண்டும். சாப்பாட்டில் குறை சொல்லலாம், தடையில்லை. ஆனால் குறை சொன்னவன் மறுநாள் சமைக்க வேண்டும். இந்தச் சட்டத்தால் எங்கள் ரூமில் எந்தக் குழம்பும் கெட்ட குழம்பாக இருந்ததே இல்லை.

கறிக்கும் ஒரு சட்டம். அப்போது எங்கள் சம்பளத்துக்குக் கிடைத்தது ஃப்ரோசன் கறிதான், பெட்டியில் கல் மாதிரி வரும். கரைந்தால் ஒரு வாடை அடிக்கும். அதனால் வினிகரும் மஞ்சளும் போட்டு மூன்று தண்ணீரில் கழுவ வேண்டும். பிறகு ஒரு கொதி கொதிக்கவிட்டு, நுரை பொங்கிய அந்தத் தண்ணீரை அப்படியே கீழே ஊற்றிவிட வேண்டும். அப்புறம்தான் சமையலே ஆரம்பம். “மொதத் தண்ணி நமக்கில்லப்பா, சாக்கடைக்கு” என்பார் காக்கா.

பெஷாவர் பாய் கடையில் அன்று காலை தொங்கிய புதுக் கறிக்கு அதெல்லாம் தேவையில்லைதான். ஆனால் கை கேட்க வேண்டுமே. மூன்று தண்ணீரில் கழுவினேன். கொதிக்கவிட்டேன். ஊற்றினேன்.

பிறகு தாளில் சொன்னபடி வெண்ணெயில் வறுத்தேன். நன்றாகச் சிவக்க வேண்டும் என்று எழுதியிருந்தது. சிவக்கவே இல்லை. வெந்த கறி எப்படிச் சிவக்கும்? சாம்பல் நிறத்தில் பேசாமல் கிடந்தது. மாவைத் தூவி, காய்களைக் கொட்டி, பார்லியும் தழையும் போட்டுத் தண்ணீர் ஊற்றினேன். சின்னத் தீயில் இரண்டரை மணி நேரம் என்றது தாள். குக்கர் எதற்கு இருக்கிறது? இரண்டு தவணையாகப் போட்டு, ஆறு ஆறு விசில் விட்டேன்.

இரண்டு சட்டி

மூடியைத் திறந்து ஒரு கரண்டி எடுத்து வாயில் வைத்தேன். உப்பு இருந்தது. வேறு ஒன்றும் இல்லை.

நான் நினைத்தபடியே வந்திருந்தது. சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். ஆனால் சட்டியைப் பார்க்கப் பார்க்க மனம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. வீட்டுக்கு வருகிற ஒரு மனுஷிக்கு, அதுவும் என் மனைவிக்கு உதவி செய்த மனுஷிக்கு, இதையா போடுவது? ஆனால் இதை மாற்றினால் என் சதி என்ன ஆவது?

கடைசியில் நடுவே ஒரு வழி கண்டுபிடித்தேன். மேஜைக்கு ஒரு சட்டி, தாளில் உள்ளபடி. மிச்சம் எப்படியும் பக்கத்து ஃபிளாட்டுகளுக்குத்தான் போகும். அந்தச் சட்டிக்கு மட்டும் சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், கறிவேப்பிலை தாளித்துக் கொட்டி, மிளகைப் பொடித்துப் போட்டேன். பக்கத்து வீட்டுக்காரர்கள் என் சமையலைத் தப்பாகப் பேசிவிடக் கூடாதல்லவா.

தாளித்த வாசத்துக்கு ஷைனி எழுந்து வந்தாள். முதல் சட்டியில் ஒரு கிண்ணம் எடுத்துக் கொடுத்து, முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

“இட்ஸ் ஓகே டாடி. சூப் மாதிரி இருக்கு.”

“வருஷம் பூரா இதச் சாப்பிடுவியா?”

“வை? அங்க பீட்ஸால்லாம் கிடைக்கும்ல?”

கிண்ணத்தைக் காலி செய்துவிட்டுப் போய்விட்டாள். என் சதியில் பாதி அப்போதே காலி.

நோரா சொன்ன தீர்ப்பு

சொன்ன நேரத்துக்கு வந்தார்கள். நோரா ஒல்லியானவர், வெட்டிவிட்ட நரைமுடி, செருப்பை வாசலிலேயே கழற்றிவிட்டு வந்தார். எட்டு மணி நேரம் நின்று வேலை பார்த்த களைப்பு இரண்டு பேர் முகத்திலும் இருந்தது. நோரா பேசும் இங்கிலீஷ் எனக்குப் பாதிதான் பிடிபடும், நான் பேசுவது வேலை சைட்டில் பழகிய இங்கிலீஷ். மீதியை அமலி எடுத்துச் சொன்னாள்.

நான் பரிமாறிவிட்டு ஓரமாக நின்றேன். பத்தா பழக்கம். நோரா ஸ்பூனைத் தொடவே இல்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு, நீங்கள் உட்கார்ந்தால்தான் சாப்பிடுவேன் என்றார். உட்கார்ந்தேன்.

அவர் ஒரு வாய் சாப்பிட்டார். இன்னொரு வாய். கொஞ்சம் யோசித்தார். அமலி ஆசையாக அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நல்லா இருக்கு. ஆனா இது ஸ்டூ இல்ல” என்றார் நோரா. “கறிய என்ன செஞ்சீங்கன்னு கேளு.”

ஒளிப்பதற்கு என்ன இருக்கிறது? கழுவியது, மஞ்சள் போட்டது, கொதிக்கவைத்தது, முதல் தண்ணீரை ஊற்றியது, எல்லாம் சொன்னேன். அமலி ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல நோரா கையை நெற்றியில் வைத்துக்கொண்டார். கடைசியில் என்னைப் பார்த்து மெதுவாகச் சொன்னார். அது எனக்கே புரிந்தது. ஸ்டூவை நீங்கள் தொட்டியில் ஊற்றிவிட்டீர்கள், மிச்சத்தைத்தான் எங்களுக்குப் போட்டிருக்கிறீர்கள் என்றார்.

ஷைனி விழுந்து விழுந்து சிரித்தாள். அமலியும் சிரித்தாள். எனக்குச் சுருக்கென்றது. கெட்டுப்போக வேண்டும் என்று நானே ஆசைப்பட்டு வைத்த குழம்புதான். ஆனாலும் அது கெட்டுப்போயிருக்கிறது என்று இன்னொருவர் சொன்னால் கோபம் வருகிறதே. பத்தாவாக இருந்தால் நாளைக்கு நீங்கள்தான் சமைக்க வேண்டும் என்று சொல்லியிருப்பேன். சொல்லியும்விட்டேன். அமலி அந்தச் சட்டத்தை விளக்கியதும் நோராவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. நல்ல சட்டம், எங்கள் வார்டுக்கும் வேண்டும் என்றார்.

பிறகு அடுக்களைப் பக்கம் முகத்தைத் திருப்பி, அந்த வாசம் எங்கிருந்து வருகிறது என்று கேட்டார். இரண்டாவது சட்டி பிடிபட்டது. கொண்டுவந்து வைத்தேன். மூக்கில் தண்ணீர் வழியச் சாப்பிட்டார். இதுவும் ஸ்டூ இல்லை என்றார். ஆனால் நிறுத்தவில்லை.

அமலி என்னை ஒரு பார்வை பார்த்தாள். எதற்காக இரண்டு சட்டி என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பேன். சலிப்புதான் இருந்தது.

மைக்கேல்

பேச்சை மாற்ற, உங்கள் வீட்டில் யார் சமைப்பார்கள் என்று நோராவிடம் கேட்டேன். மைக்கேல் என்றார். அவர் வீட்டுக்காரர். அந்தத் தாளில் இருந்ததும் மைக்கேலின் பக்குவம்தானாம். எங்கள் ஊரில் தெருவுக்கு நாலு மைக்கேல் உண்டு, அதனால் பெயரைக் கேட்டதுமே ஏதோ தெரிந்த ஆள் மாதிரி இருந்தது.

அமலி நிமிர்ந்து உட்கார்ந்தாள். அவள் காத்திருந்தது இதற்குத்தான்.

“அவரு அங்க பண்ணை பண்ணையாப் போயி பால் எடுக்க லாரி ஓட்டிட்டு இருந்தாராம். இவுங்களுக்கு இங்க வேல கெடச்சதும், தன் வேலய விட்டுட்டுக் கூடவே வந்துட்டாராம். பதினோரு வருசம் இங்கயே இருந்தாராம். கேளுங்க, எப்படி இருந்தாருன்னு கேளுங்க.”

கேட்டேன். “மிஸ்டர் மைக்கேல், ஹீ லைக் திஸ் கன்ட்ரி?”

நோரா ஸ்பூனை வைத்துவிட்டுச் சிரித்தார். பிறகு நீளமாக ஏதோ சொன்னார். வேகமாகச் சொன்னதால் எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. அமலி தலையைக் குனிந்து உருளைக்கிழங்கை நசுக்கிக்கொண்டிருந்தாள்.

“என்ன சொல்லுதாங்க?”

“ஒண்ணுமில்ல. பொறவு சொல்லுதேன்.”

“ஹீ ஹேட்டட் இட், டாடி” என்றாள் ஷைனி. “பதினோரு வருஷத்துல ஒரு நாள்கூடப் பிடிக்கலையாம்.”

அமலி அவளை முறைத்தாள். ஆனால் நான் இப்போது நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டேன். மேலே சொல்லுங்கள் என்றேன். நோரா எனக்காக மெதுவாகப் பேசினார்.

மைக்கேலுக்கு வெயில் பிடிக்கவில்லை. ரோடு பிடிக்கவில்லை. பால் சுத்தமாகப் பிடிக்கவில்லை. பால்காரர் அல்லவா, டீ குடிக்கும்போதெல்லாம் இது பாலே இல்லை என்பாராம். செய்ய வேலை இல்லாமல் முதல் வருஷம் ஒரே எரிச்சல். அப்புறம் சமையல் பழகியிருக்கிறார், சர்ச்சில் நாற்காலி ரிப்பேர் பார்த்திருக்கிறார். குறை சொல்வதை மட்டும் விடவில்லை.

“நான் மூணு வருஷம் போராடினேன்” என்றார் நோரா. “கடற்கரைக்குக் கூட்டிப் போனேன், பாலைவனத்துக்குக் கூட்டிப் போனேன். எப்படியாவது அவருக்கு இந்த ஊரைப் பிடிக்க வைக்கணும்னு. ஒரு நாள் தாங்காமக் கேட்டுட்டேன், இவ்வளவு வெறுப்புன்னா எதுக்கு இங்க இருக்கீங்கன்னு. நீ இங்க இருக்க, அதனால இருக்கேன், அதுக்காக ஊரையும் பிடிக்கணுமான்னு கேட்டார்.”

ஷைனி இதை அப்படியே தமிழில் சொன்னாள். அவளுக்குத் தெரிந்த தமிழில் சொன்னாலும் நன்றாகவே வந்தது.

அதற்கப்புறம் நான் விட்டுவிட்டேன், அதற்கப்புறம்தான் நாங்கள் நிம்மதியாக இருந்தோம் என்றார் நோரா. முழங்கால் வலியால் மைக்கேல் இரண்டு வருஷம் முன்பே ஊருக்குப் போய்விட்டாராம். இப்போது தினமும் போனில் மழையைப் பற்றிக் குறை சொல்கிறாராம். சொல்லிவிட்டு நோரா ரொட்டியைக் கிழித்துக் குழம்பை வழித்தார். எங்களுக்கு ஏதும் உபதேசம் பண்ணுகிற உத்தேசம் அவருக்கு இல்லை. கேட்டதற்குப் பதில் சொன்னார், அவ்வளவுதான்.

திங்கட்கிழமைக்கு முன்னால்

நாலு மாதமாக எனக்குள்ளே நான் தேடிக்கொண்டிருந்தது முழு மனசு. எங்கே தேடியும் கிடைக்கவில்லை. கிடைக்காததை இருக்கிறது என்று அமலியிடம் பொய் சொல்ல முடியவில்லை. பிடிக்காமலேயே ஒருவன் போகலாம், போய் இருக்கலாம், பதினோரு வருஷம் இருக்கலாம் என்று யாரும் எனக்குச் சொன்னதில்லை. எனக்குத் தானாகவும் தோன்றவில்லை.

“அமலி” என்றேன்.

“என்ன?”

“எனக்கு அந்த ஊரு பிடிக்காது.”

“சரி” என்றாள். முகம் செத்துவிட்டது. “நாளைக்கே எழுதிப் போட்டுருதேன்.”

“சொல்லி முடிக்க விடு. அங்க எனக்கு ஒரு வேலையும் இருக்காது. எட்டுப் பேர வச்சி வேல வாங்குனவன், ஒன் சம்பளத்துல உக்காந்து திங்கணும். அது வெக்கமா இருக்கு. பயமாவும் இருக்கு. அதச் சொல்லத் தெரியாமதான் குளிருன்னேன், மழைன்னேன், சோறு கெடைக்காதுன்னேன். இந்தக் கொழம்பையும் அதுக்குத்தான் இப்படி வச்சேன்.”

“அது தெரியும்.”

“நான் வாறேன்.”

அவள் கையில் இருந்த ஸ்பூனைக் கீழே வைத்தாள்.

“வாறேன். ஆனா முழு மனசு கேக்காத. அது எங்கிட்ட இல்ல.”

“அரை மனசா?”

“அரை இருக்கும்னுகூடச் சொல்ல முடியாது. கால்வாசி.”

அமலி எழுந்து அடுக்களைக்குள் போனாள். குழாய் திறக்கிற சத்தம் கேட்டது. நோரா ஸ்பூனோடு என்னையும் அடுக்களை வாசலையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, என்ன நடந்தது என்று ஷைனியிடம் கேட்டார்.

“ஐ திங்க் வீ ஆர் மூவிங்” என்றாள் ஷைனி.

நான் உள்ளே போனேன். அமலி காலிக் குக்கரைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். தோள் குலுங்கியது. கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவள் அழுது நான் பார்த்தது குறைவு. வழக்கம்போல ஒரு கிண்டலைத்தான் எடுத்தேன்.

“கால்வாசிக்கே இம்புட்டு அழுகையா?”

அவள் முழங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினாள்.

“நாலு மாசமா அந்தக் கால்வாசியக்கூட நீங்க எங்கிட்டக் காட்டலயே” என்றாள்.